காசு இருந்தும் வாங்க முடியாத கார்கள்

 

போன கிழமை பாடசாலை விட்டதும், பசறைப் பக்கத்துத் தோட்டத்து மாணவன் ஒருவன் என்னிடம் வந்தான். கையில் மடித்த தாள்காசு. "சேர், உங்க பேங்க் கார்ட்ல எனக்கு கேமுக்குக் கொஞ்சம் கார் வாங்கித் தாங்க" என்றான்.

அவனுடைய அம்மா குவைத்தில் வீட்டு வேலை செய்து திரும்பியவர். அந்த வீட்டுப் பிள்ளைகள் வேண்டாம் என்று ஒதுக்கிய எக்ஸ்பொக்ஸ் 360 ஒன்றைக் கொண்டு வந்திருக்கிறார். கூடவே ஒரு டிஸ்க்: 2006இல் வந்த 'நீட் ஃபோர் ஸ்பீட்: கார்பன்'. இரவில் மலை வளைவுகளில் போட்டி போட்டு ஓட வேண்டும், தவறினால் பள்ளம். "நம்ம பசறை ரோடு மாதிரியே இருக்கு சேர்" என்று சிரித்தான். டிஸ்க்கில் இல்லாமல் இணையத்தில் தனியாக விற்ற கார்கள்தான் அவனுக்கு வேண்டும்.

வீட்டுக்குப் போய்த் தேடிப் பார்த்தேன். 2021 மே 31இலேயே இஏ நிறுவனம் கார்பனை இணையக் கடைகளிலிருந்து எடுத்துவிட்டது. 2024 ஜூலை 29இல் எக்ஸ்பொக்ஸ் 360இன் கடையே மூடப்பட்டது. முன்பு வாங்கியவர்கள் விளையாடலாம். புதிதாக வருபவனுக்கு நேர்வழி இல்லை.

மறுநாள் சொன்னேன். "காசு இருந்தும் வாங்க முடியாதா சேர்?" என்று கேட்டான்.

பதில் வரவில்லை. 'களவாக இறக்காதே, காசு கொடுத்து வாங்கு' என்று வகுப்பில் சொல்பவன் நான். என் வாலிபத்தில் பதுளை டவுனில் கொப்பி சீடி வாங்கி விளையாடியவனும் நான்தான். அது பிழை என்று பிறகுதான் உறைத்தது. இவன் நேர்மையாகக் காசோடு வந்தான், கடை இல்லை.

அப்போதுதான் என் தம்பியின் பழைய பெட்டி ஞாபகம் வந்தது. அதில் 'மிட்நைட் கிளப்: லொஸ் ஏஞ்சல்ஸ்' இருந்தது. 2008இல் வந்த அந்தக் கேமுக்கு, 2009இல் சவுத் சென்ட்ரல் என்ற புதிய பகுதி இணையம் வழியாக வந்தது. அதே ஆண்டு அதையும் சேர்த்து 'கம்ப்ளீட் எடிஷன்' என்று டிஸ்க்காகவும் விற்றார்கள். தம்பி வாங்கியது அதைத்தான். இப்போது அது அந்தத் தோட்டத்து லயத்தில் ஓடுகிறது.

பெற்றோரே, பிள்ளை கேட்கும் மேலதிகப் பொதிக்குக் காசு கட்டுமுன் ஒன்றை யோசியுங்கள். டிஸ்க்கை இரவல் கொடுக்கலாம், தம்பிக்கு விட்டுப்போகலாம். இறக்கியது வாங்கியவரின் கணக்கோடு நின்றுவிடும்.

வீட்டில் பழைய டிஸ்க் கிடந்தால் குப்பையில் போடாதீர்கள். அதற்காகக் காசு சேர்த்துக்கொண்டு ஒரு பிள்ளை எங்கோ நிற்கக்கூடும்.