ரிவர்ஸ்டன் மலையில் ஒரு தேசாதிபதியின் நினைவு

மாத்தளையிலிருந்து இரத்தோட்டை வழியாகச் சுமார் 30 கிலோமீட்டர் மலையேறினால் ரிவர்ஸ்டனை அடையலாம். அடிவாரத்திலே வியர்த்துக் கொட்டும். உச்சியிலோ நிற்கவிடாமல் காற்றுத் தள்ளும். அக்காற்றுக்கு அஞ்சினாற்போல் மரங்களும் குறுகி, பாசி போர்த்து நிற்கின்றன. மடக்கிய கைவிரல் முட்டிகளைப் போன்ற சிகரங்களைக் கண்டே ஆங்கிலேயர் இம்மலைத்தொடருக்கு 'நக்கிள்ஸ்' எனப் பெயரிட்டனர். சிங்கள மக்களுக்கு இது தும்பறை.

"இந்த மலைநாட்டில் முதன்முதல் வீதி போட யாருக்குத் துணிவு வந்தது?" என்று உடன்வந்த மாணவன் ஒருவன் வினவினான்.

ரிவர்ஸ்டன் வீதியை அவர் வெட்டவில்லையாயினும், அவ்வினாவுக்கு விடை சேர் எட்வேட் பார்ன்ஸ் என்பதே. 1776இல் பிறந்து, மூன்றாம் ஜோர்ஜ் மன்னர் காலத்தில் படையிற் சேர்ந்து, 1815இல் வாட்டர்லூ போர்க்களத்தில் காயமுற்றவர். நெப்போலியனை எதிர்த்த அவ்வீரர் 1819இல் இலங்கைக்கு வந்தார். 1824 முதல் 1831 வரை தேசாதிபதியாக ஆண்டார்.

கண்டி மன்னர்களுக்கு அகன்ற வீதி ஆகாது. ஒற்றையடிப் பாதையும் அடர்ந்த காடுமே அவர்களது கோட்டை மதில்கள். 1803இல் கண்டிக்குள் நுழைந்த ஆங்கிலப் படை அழிந்தமைக்கு அதுவும் ஒரு காரணம். 1815இல் இராச்சியம் வீழ்ந்த பின்னரும் 1818 வரை கிளர்ச்சி மூண்டது. படைவீரரான பார்ன்ஸ் இதன் பொருளை நன்குணர்ந்தார். பீரங்கியினும் வீதியே வலிய ஆயுதமெனக் கண்டு, கொழும்பு - கண்டி வீதியை அமைப்பித்தார். மலையைத் துளைத்து வழிசெய்பவனே கண்டியை அடக்குவான் என்றொரு கர்ணபரம்பரைக் கதை உண்டு. கடுகண்ணாவைப் பாறையைக் குடைந்து அவ்வீதி சென்றது.

குடைந்த கைகள் எவருடையவை? இராஜகாரியம் என்னும் பழைய ஊழியமுறையின்படி ஊர்மக்களைக் கட்டாயப்படுத்தி வேலைவாங்கினர். மன்னருக்குரிய கடமை தேசாதிபதிக்கு வசதியாயிற்று! அம்முறை 1832இல்தான் ஒழிந்தது. பார்ன்ஸின் திறமையைப் புகழும் நூல்கள் இதனைச் சற்று விரைந்தே கடந்துவிடுகின்றன.

படைக்கென வந்த வீதியிலே பயிரும் வந்தது. பேராதனைக்கருகே கன்னொறுவையில் பார்ன்ஸ் தாமே கோப்பி பயிரிட்டார். அவருக்குப் பின் மாத்தளை, நக்கிள்ஸ் சரிவுகளிலும் காடழிந்து கோப்பி ஏறிற்று. அதைப் பறிக்கத் தமிழகத்திலிருந்து நம்மவர் வந்தனர். கடல்கடந்து மன்னார்க் கரையிலிறங்கி, தம்புள்ளைக் காட்டினூடே நூறு மைலுக்கும் மேல் நடந்தனர். வாந்திபேதியும் காய்ச்சலும் வழியிலேயே பலரைக் கொண்டுசென்றன. உயிர்தப்பியோர் வந்துசேர்ந்த ஊர் மாத்தளை. அங்குள்ள முத்துமாரியம்மன் கோவிலில் மாசிமகத்தன்று ஐந்து தேர்கள் வீதிவலம் வருவதைக் கண்டோர், அந்நெடுநடையையும் சிறிது எண்ணிப் பார்க்கலாம்.

பார்ன்ஸ் இங்கிருந்து சென்று இந்தியாவின் பிரதம சேனாதிபதியாகி, 1838இல் இறந்தார். கொழும்புக் கோட்டையில் அவருக்குச் சிலை உண்டு. தலைநகரிலிருந்து வீதிகளின் தூரத்தை அச்சிலையிலிருந்தே அளந்தனர். தம்புள்ளைக் காட்டில் வீழ்ந்தவர்களுக்கு ஒரு மைற்கல்லும் இல்லை.

பொழுது சாயுமுன் மூடுபனி இறங்கிற்று, நாமும் இறங்கினோம். 1869இல் இலைநோய் கண்டு கோப்பி அழிந்ததையும், அதனிடத்தைத் தேயிலை பிடித்ததையும் மாணவனுக்குச் சொல்லிக்கொண்டே இரத்தோட்டைக் கடையொன்றில் நுழைந்தோம். குளிருக்கு இதமாகக் கோப்பி கேட்டேன். தேநீர்தான் இருக்கிறதென்றார் கடைக்காரர்.