காதுக்கும் ஒரு பங்கு

வீட்டுத் தேவைகளைக் கணக்கெடுக்கும் படிவங்களைப் பல வருடங்களாக நிரப்பி வருகிறேன். கூரை, மலசலகூடம், கிணறு, தையல் இயந்திரம், ஆடு, கோழி, பிள்ளைகளின் பாடசாலைச் செலவு என்று அவற்றில் கட்டங்கள் இருக்கும். பாட்டுக் கேட்பதற்கென்று ஒரு கட்டத்தை நான் எந்தப் படிவத்திலும் கண்டதில்லை. பெண்களும் அதைத் தேவையென்று சொல்வதில்லை. ஆனால் படிவத்தை மூடி வைத்துவிட்டுத் தேநீர் குடித்தபடி கதைக்கும்போது, "நல்லதொரு பாட்டுப் பெட்டி இருந்தால் இரவு இவ்வளவு நீளமாய் இராது" என்று சொன்ன பெண்களைப் பல கிராமங்களில் சந்தித்திருக்கிறேன். கைத்தொலைபேசியில் பாட்டு வருகிறதுதான். ஆனால் அந்தச் சிறிய துளையால் வரும் கீச்சுக்குரலில் நாதஸ்வரமும் கொசு பாடுவதுபோலத்தான் இருக்கும்.

எங்கள் சனத்துக்குப் பாட்டுக் கேட்பது புதிய ஆசை அல்ல. 1925 இல் கொழும்பில் வானொலி தொடங்கியது. பிற்காலத்தில் இலங்கை வானொலியின் தமிழ் வர்த்தக சேவையைக் கடல் கடந்து தமிழ்நாட்டிலும் விரும்பிக் கேட்டார்கள். கே. எஸ். ராஜா, பி. எச். அப்துல் ஹமீத் போன்றவர்களின் குரல்களை எங்கள் அம்மாமார் வீட்டு ஆட்களின் குரலைப் போலவே அறிந்திருந்தார்கள். 1990 இல் யாழ்ப்பாணத்துக்கு மின்சாரம் நின்றது; பற்றரியும் தடைசெய்யப்பட்ட பொருள்களில் ஒன்றானது. அப்போதும் நாங்கள் கேட்பதை நிறுத்தவில்லை. சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி, ஒருவர் பெடலைக் கையால் சுற்ற, டைனமோவிலிருந்து வந்த மின்சாரத்தில் வானொலி பாடியது. வன்னியில் 2002 வரை பொருளாதாரத் தடைக்குள் வளர்ந்த என் வயதுக்காரருக்கு அந்தச் சில்லுச் சத்தமும் பாட்டின் ஒரு பகுதிதான். சைக்கிள் டைனமோ ஒன்றின் வலு ஏறத்தாழ 3 வாற்று. அந்த 3 வாற்றைச் சுற்றி ஒரு முற்றம் நிறைய ஆட்கள் இருந்தார்கள்.

இதைச் சொல்வதற்குக் காரணம் உண்டு. இன்று கடைக்குப் போனால் முதலில் காட்டப்படுவது வாற்றுக் கணக்குத்தான்.

கிளிநொச்சிப் பக்கத்தில் மிளகாய்த்தூளும் அரிசிமாவும் இடித்து விற்கும் அக்கா ஒருவர் இருக்கிறார். கணவர் 2009 இல் இல்லாமற் போனார். அதே மாதங்களில் அருகில் விழுந்த செல்லினால் அக்காவின் இடது காதும் பெரும்பாலும் கேட்காமற் போனது. அவர் சீட்டுப்பிடித்துச் சேர்த்த 20,000 ரூபாவை வைத்துக்கொண்டு, "பிள்ளை, பாட்டுக் கேட்க ஒரு சாமான் வாங்கவேணும். எனக்கு ஒண்டும் விளங்காது. நீ ஒருக்கா வாறியே?" என்று கேட்டார். மகளையும் கூட்டிக்கொண்டு மூவருமாகப் போனோம்.

முதற்கடையில் தம்பி ஒருவர் 2.1 செற் ஒன்றைப் போட்டுக் காட்டினார். இரண்டு சின்னப் பெட்டிகள், கீழே வைக்கும் பெரிய ஊஃபர் ஒன்று, முகப்பில் ஓடும் நீல வெளிச்சம். பெட்டியின் அட்டையில் ஆயிரக்கணக்கில் வாற்று எழுதியிருந்தது. மகளுக்குப் பிடித்துவிட்டது. பாட்டுத் தொடங்கி இரண்டாவது இடி விழுந்ததும் அக்கா மேசை விளிம்பைப் பிடித்தார். பிறகு ஒன்றும் பேசாமல் வெளியே போய் நின்றார். நான் போனபோது, "நெஞ்சுக்குள்ள இடிக்குது பிள்ளை. தூரத்தில விழுற மாதிரியே இருக்கு. இது வேண்டாம்" என்றார்.

வாசிக்கும் சகோதரிகளில் பலருக்கு இதை விளக்க வேண்டியதில்லை. வாணவெடிக்கும் இடிமுழக்கத்துக்கும் உடம்பு தானாகத் திடுக்கிடும் வீடுகள் எங்களுடையவை. ஆகவே ஒலிபெருக்கி வாங்கும்போது அது எவ்வளவு உரக்கக் கத்தும் என்று பார்க்கத் தேவையில்லை. எந்தச் சத்தம் எங்களுக்கு ஆறுதல், எந்தச் சத்தம் ஆகாது என்பதைத்தான் முதலில் கேட்டுக்கொள்ள வேண்டும்.

ஊஃபர் இல்லாமல் இரண்டே பெட்டிகளாக வருபவை உண்டு. புத்தகத் தட்டில் வைக்கக்கூடிய அளவானவை என்பதால் புக்செல்ஃப் ஸ்பீக்கர் என்பார்கள். எங்கள் வீடுகளில் புத்தகத் தட்டு இல்லாவிட்டாலும் தையல் மேசையோ அலுமாரியோ போதும். ஒவ்வொரு பெட்டியிலும் கீழ், நடு ஒலிகளுக்காக 4 முதல் 5 அங்குலம் வரையான கூம்பு ஒன்றும், கூரிய ஒலிகளுக்காக ருவீட்டர் என்னும் சிறியது ஒன்றும் இருக்கும். பேச்சுக் குரலின் அடிப்படை ஒலி ஆண்களுக்கு ஏறத்தாழ 85 முதல் 180 ஹேர்ட்ஸ் வரையும், பெண்களுக்கு 165 முதல் 255 ஹேர்ட்ஸ் வரையும் இருக்கிறது. 4 அங்குலக் கூம்புள்ள நல்ல பெட்டி 75 அல்லது 80 ஹேர்ட்ஸ் வரை இறங்கும். அதாவது மனிதக் குரல் முழுவதும் அதற்குள் அடங்கிவிடும். மலிவான 2.1 செற்றுகளில் சின்னப் பெட்டிகள் அவ்வளவு கீழே இறங்கமாட்டா. ஊஃபரோ இடியை மட்டும் பார்த்துக்கொள்ளும். குரலின் சதைப்பகுதி இரண்டுக்கும் நடுவில் காணாமற் போய்விடும்.

வாற்று விடயத்தையும் சொல்லிவிடுகிறேன். அட்டையில் பெரிதாக எழுதப்படும் பி.எம்.பி.ஓ. என்ற கணக்கு விளம்பரத்துக்கானது. ஆர்.எம்.எஸ். என்று எழுதியிருப்பதையே பார்க்க வேண்டும். வாற்று இரட்டிப்பானால் ஒலி 3 டெசிபல்தான் கூடும். அது காதுக்குச் சிறிய வித்தியாசம். இரட்டிப்பு உரப்பாகக் கேட்க ஏறத்தாழப் பத்து மடங்கு வலு வேண்டும். 10 அடிக்கு 12 அடி அறைக்குப் பக்கத்துக்கு 15, 20 வாற்று தாராளம். உதாரணமாக, எடிஃபையர் நிறுவனத்தின் ஆர்1280ரி என்ற பெயர்பெற்ற சோடியின் முழு வலுவே 42 வாற்றுத்தான். அதன் கூம்பு 4 அங்குலம். அம்ப்ளிபயர் பெட்டிக்குள்ளேயே இருப்பதால் மின்செருகியையும் தொலைபேசி வயரையும் கொடுத்தாற் போதும். உள்ளே அம்ப்ளிபயர் இல்லாத பெட்டிகளுக்கு அதைத் தனியே வாங்க வேண்டும். கையிருப்புக் குறைவென்றால் முதல் வகையே நல்லது. புதியவற்றின் விலை 2022 இல் ரூபா வீழ்ந்த பின்னர் எங்கள் கைக்கு எட்டாததாகிவிட்டது. ஆகவே நாங்கள் பழைய சாமான் திருத்தி விற்கும் கடைக்குப் போனோம்.

அங்கே மத்திய கிழக்கிலிருந்து வந்தவர்கள் கொண்டுவந்து விற்ற பெட்டிகள் அடுக்கியிருந்தன. பழையதை வாங்குவதானால் முன்பக்க வலையைக் கழற்றிப் பார்க்க வேண்டும். கூம்பைச் சுற்றியுள்ள விளிம்பு றப்பரா, ஸ்பொஞ்சா என்று கவனியுங்கள். எங்கள் வெக்கையிலும் ஈரத்திலும் ஸ்பொஞ்சு விளிம்பு சில வருடங்களில் பொடிந்துவிடும், றப்பர் நிலைக்கும். கூம்பின் இரு பக்கத்திலும் விரல்களை வைத்து மெல்ல அழுத்தினால், அது சத்தமில்லாமல் உள்ளே போய்த் திரும்பி வரவேண்டும். உரசும் சத்தம் வந்தால் உள்ளே சுருள் பழுதடைந்திருக்கிறது, வேண்டாம். அம்ப்ளிபயர் இல்லாத பெட்டியென்றால் ஒரு பென்ரோச் பற்றரி போதும். 1.5 வோல்ற்றின் இரு முனைகளையும் பெட்டியின் சிவப்பு, கறுப்பு முனைகளில் வயரால் ஒரு கணம் தொட்டால், 'டிக்' என்று கேட்டுக் கூம்பு முன்னே தள்ளும். உள்ளே இழுத்தால் வயர் மாறியிருக்கிறது என்று அர்த்தம். ஒரு பெட்டியில் மட்டும் வயர் மாறியிருந்தால் கீழ்ஒலி மெலிந்து, பாடுபவர் எங்கே நிற்கிறார் என்றே தெரியாமற் போகும். ஒரு காலத்தில் சோதனைச் சாவடியில் பறிக்கப்பட்ட பற்றரி இப்போது இந்தச் சோதனைக்கு உதவுகிறது.

கடைக்காரரின் பாட்டைக் கேட்டு முடிவெடுக்காதீர்கள். நீங்கள் மனப்பாடமாக அறிந்த பாட்டைக் கொண்டுபோங்கள். நான் எப்போதும் தவில் உள்ள ஒன்றைப் போட்டுப் பார்ப்பேன். யாழ்ப்பாணம் தெட்சணாமூர்த்தியின் வாசிப்பென்றால் இன்னும் நல்லது. ஒரு பக்கம் கும்மென்ற தொப்பி, மறுபக்கம் கணீரென்ற வலந்தலை. இரண்டும் தனித்தனியாகக் கேட்டால் பெட்டி நேர்மையானது. அக்கா தன் தொலைபேசியிலிருந்த பழைய பக்திப் பாடல் ஒன்றைப் போடச் சொன்னார். மூன்றாவது சோடியில் அது ஒலித்தபோது, "இதில அவர் மூச்சு எடுக்கிறது கேக்குது" என்றார். 14,000 ரூபாவுக்கு அதை வாங்கினோம். மிகுதிக் காசில் வயரும் ஒரு பாதுகாப்புச் செருகுப் பலகையும் வந்தன.

அக்காவுக்கு ஒரு காதுதானே, இரண்டு பெட்டி எதற்கு என்று மகள் கேட்டாள். நியாயமான கேள்வி. ஒரு காது மட்டும் கேட்பவர் இயர்போன் போட்டால் மற்றக் காதுக்குப் போகும் பாதி இசையை இழந்துவிடுவார். அறையில் ஒலிக்கும் இரண்டு பெட்டிகளின் சத்தமும் நல்ல காதுக்கு வந்து சேரும். அதோடு, தொலைபேசியின் அமைப்புகளில் மாற்றுத்திறனாளிகளுக்கான வசதிகள் என்ற பகுதியில் 'மோனோ' என்று ஒன்று உண்டு. அதைப் போட்டால் இரு பக்க இசையும் ஒன்றாகக் கலந்து இரண்டு பெட்டியிலும் வரும். நல்ல காது பெட்டிகளின் பக்கம் இருக்கும்படி கதிரையைத் திருப்பிப் போட்டோம். செல்லடியில் காது பாதிக்கப்பட்ட சகோதரிகள் வீட்டிலேயே இதைச் செய்து பார்க்கலாம். ஆனால் காதிரைச்சலோ வலியோ இருந்தால் வைத்தியரிடம் காட்டத் தவறாதீர்கள். நல்ல காதையும் காக்க வேண்டும். வாரத்துக்கு 40 மணித்தியாலம், 80 டெசிபலுக்கு மேற்படாமல் கேட்பதே பாதுகாப்பு என்கிறது உலக சுகாதார நிறுவனம். பாட்டுக்கு மேலாகக் கத்தித்தான் கதைக்க வேண்டியிருந்தால் சத்தம் கூடிவிட்டது.

வீட்டில் வைக்கும்போது ருவீட்டர் இருந்து கேட்பவரின் காது உயரத்துக்கு வரட்டும். பெட்டியை மூலைக்குள் தள்ளினால் கீழ்ஒலி வீங்கிக் குமுறும். சுவரிலிருந்து ஒரு முழம் தள்ளி வையுங்கள். சீமெந்துத் தரையும் தகரக் கூரையுமுள்ள வீட்டில் சத்தம் எதிரொலிக்கும். தரையில் பாயும், சன்னலில் பழைய சேலைத் திரையும் போட்டால் அது அடங்கும். பெட்டியின் பின்னால் துளை இருந்தால் எறும்பும் பல்லியும் குடியேறும். கேட்காத நேரத்தில் துணியால் மூடுங்கள். ஐப்பசி, கார்த்திகை மின்னல் காலத்தில் செருகியைக் கழற்றிவிடுங்கள். 20 வாற்று இழுக்கும் பெட்டி 50 மணித்தியாலம் பாடினால்தான் மின்சாரம் ஒரு அலகு முடியும். கட்டணத்தை எண்ணிப் பயப்படத் தேவையில்லை.

பயப்பட வேண்டியது தவணைக் கடனுக்கு. மோட்டார் சைக்கிளில் ஊருக்குள் வந்து, "கையெழுத்தை மட்டும் போடுங்கோ அக்கா" என்று பெரிய செற்றை இறக்கிவிட்டுப் போகிறவர்களை நான் கண்டிருக்கிறேன். பாட்டு ஓய்ந்த பிறகும் தவணை ஓயாது. நுண்கடன் எங்கள் பெண்களை எப்படி நெரித்தது என்பதற்கு, 2018 இல் அரசாங்கமே ஒரு பகுதிக் கடனைத் தள்ளுபடி செய்ய வேண்டி வந்தது சாட்சி. சீட்டுக்காசோ சேமிப்போ கையில் சேரும்வரை காத்திருங்கள். அதற்குள் வாங்க முடியாதது இப்போதைக்கு எங்களுக்குரியதல்ல.

சமூகவியல் படித்தபோது தோர்ஸ்டைன் வெப்லன் 1899 இல் எழுதிய நூலைப் பற்றி அறிந்தேன். மற்றவர்கள் காண்பதற்காகவே பொருள் வாங்கும் பழக்கத்தைப் பற்றி அவர் எழுதியிருந்தார். தெருவரை அதிரும் ஊஃபர் அப்படிப்பட்டது. அதை எவரும் குறை சொல்வதில்லை. ஒரு பெண், அதுவும் கணவனை இழந்தவள், தான் கேட்பதற்கென்று இரண்டு சிறிய பெட்டிகள் வாங்கினால் ஊருக்குக் கண் குத்துகிறது. துக்கத்துக்குப் பாட்டு ஆகாது என்கிறார்கள். அந்தத் துக்கத்துக்கு எத்தனை வருடம் என்று யாரும் சொல்வதில்லை. வீட்டுத் தொலைக்காட்சியின் றிமோட் ஆண்களிடமும் பிள்ளைகளிடமும் இருக்கும். அடுப்படியில் நிற்பவளுக்கு விழுவது மிச்சச் சத்தம்தான். தான் விரும்பியதை, விரும்பிய அளவில் கேட்பதும், வேண்டாதபோது நிறுத்துவதும் அவளுடைய கையில் இருக்க வேண்டும். வருடக்கணக்காக வேண்டாத சத்தங்களை மட்டும் கேட்கும்படி விடப்பட்டவர்களுக்கு அது சின்ன விடயமல்ல.

அக்காவின் வீட்டுக்கும் உறவினர் ஒருவர் வந்து, "இந்த வயதில உனக்கு இது எதுக்கு? ஊர் என்ன சொல்லும்?" என்று கேட்டாராம். அக்கா மா அரித்துக்கொண்டே சொன்னாராம்: "நான் கேக்கத்தான் வாங்கினனான். ஊருக்குக் கேக்கிற அளவுக்கு இது சத்தம் போடாது."

தனியே வாங்க வசதியில்லாத சகோதரிகள் மாதர் சங்கத்தில் இருவர் மூவராகச் சேர்ந்து ஒரு சோடி வாங்கலாம். தையலோ மா இடிப்போ நடக்கும் இடத்தில் வைத்துக் கேட்கலாம். அடுத்த சீட்டு விழும்போது வீட்டுக்கும் பிள்ளைகளுக்கும் பங்கு பிரித்த பிறகு, உங்கள் காதுக்கும் ஒரு சிறிய பங்கை ஒதுக்குங்கள்.