மூன்று பாதைகளின் ஊரில் ஒரு சிறு ரயில்

ஐதராபாத்தில் குடியேறி வாழும் தமிழன்பர்களுக்குச் சிகந்தராபாத் நிலையம் புதிய இடமன்று. வாடியிலிருந்து நிஜாம் நாட்டு ரயில் 1874-ஆம் ஆண்டில் இங்கு வந்து சேர்ந்தது. அது அகலப் பாதை. இரு தண்டவாளங்களுக்கும் இடையே 1,676 மில்லிமீட்டர். பின்னர் மன்மாடு நோக்கி மீட்டர் பாதை போடப்பெற்றது. அதன் இடைவெளி 1,000 மில்லிமீட்டர். ஒன்றின் வண்டி மற்றொன்றில் ஓடாது. ஆகவே பயணிகளும் மூட்டைகளும் இறங்கி மாற வேண்டியிருந்தது. அம்மீட்டர் பாதை பிற்காலத்தில் அகலப் பாதையாயிற்று. 2017-இல் ஓடத் தொடங்கிய மெட்ரோ ரயிலோ, பல நாடுகளில் வழங்கும் 1,435 மில்லிமீட்டர்ப் பாதையில் செல்கிறது.

இவற்றை நாம் எண்ணிப் பார்க்கச் செய்தவன் நம் மகன். அவனுக்கு ஒரு மாதிரி ரயில் வாங்கித் தந்திருந்தோம். ஊருக்குப் போகும் சார்மினார் எக்ஸ்பிரஸின் பெயரை எழுதி அதன்மேல் ஒட்டினான். ஒருநாள் நிலையத்து நடைமேடையில் நின்று, "அப்பா, இந்தப் பாதை அகலமாயிருக்கிறது, என் பாதை ஏன் ஒடுங்கியிருக்கிறது?" என்று கேட்டான். ரயில்வே எழுத்தராகிய நமக்கு உடனே விடை கூற இயலவில்லை. வீடு திரும்பிக் கணக்கிட்ட பின்னரே உண்மை விளங்கிற்று.

வண்டியின் விகிதம் வேறு. பாதையின் அகலம் வேறு. நாம் வாங்கிய ஹெச்.ஓ. வகையில் வண்டி 87-இல் ஒரு பங்கு. தண்டவாள இடைவெளி 16.5 மில்லிமீட்டர். இதை 87-ஆல் பெருக்கினால் மெட்ரோவின் 1,435 வருகிறது! நம் அகலப் பாதையை 87-ஆல் வகுத்தாலோ 19 மில்லிமீட்டருக்குச் சற்று மேல். மீட்டர் பாதைக்கு 11.5 போதும். பிள்ளையின் கண் பிழைபடவில்லை.

பிரிட்டனில் வழங்கும் ஓ.ஓ. வகை 76-இல் ஒரு பங்கு. எனினும் அதுவும் 16.5 மில்லிமீட்டர்ப் பாதையிலேயே ஓடும். ஆகவே சக்கரம் பொருந்துகிறதென்று மட்டும் பார்த்து வாங்கினால், ஒரே தொடரில் பெரிய வண்டியும் சிறிய வண்டியும் கலந்துவிடும். விகிதம், பாதையகலம் ஆகிய இரண்டையும் பார்த்தல் வேண்டும்.

அட்டையொன்றில் 19 மில்லிமீட்டர் இடைவெளியில் இரு கோடுகள் வரைந்து கொடுத்தோம். அவன் உற்றுப் பார்த்து, "பாட்டி ஊருக்குப் போவது இதுதான்" என்றான். இங்கே பிறந்த பிள்ளைகள் சொந்த ஊரை அறிவது அப்பாதையின் வழியே அன்றோ? அதன் அளவையேனும் பிழையின்றிச் சொல்லிக் கொடுப்போமாக.