கருணையா, கடனா?

ஆண்டுதோறும் அக்டோபர் 21ஆம் நாள், நாடெங்கும் காவலர் வீரவணக்க நாளாக அனுசரிக்கப்படுகின்றது. 1959ஆம் ஆண்டு அந்நாளில், லடாக்கின் ஹாட் ஸ்பிரிங்ஸ் என்னுமிடத்தில் சீனப் படையினரின் தாக்குதலில் 10 காவலர்கள் உயிர்நீத்தனர். அவர்தம் நினைவாக எழுந்த இந்நாளில், முந்தைய ஓராண்டில் கடமையாற்றுகையில் மாண்ட காவலர்களின் பெயர்கள் ஒவ்வொன்றாக வாசிக்கப்படுகின்றன. அவ்வாசிப்பில் உயர்ந்தோர், தாழ்ந்தோர் என்னும் பேதம் இல்லை. ஆனால் அப்பெயர்களுக்குரிய இல்லங்களைச் சென்றடையும் உதவித்தொகையில் பேதம் இருக்கின்றது. இதனைக் குறித்து நாம் சற்றே ஆழ்ந்து சிந்திப்பது நலம்.

2019 பிப்ரவரி 14 அன்று, புல்வாமாவில் மத்திய ரிசர்வ் போலீஸ் படையினர் 40 பேர் கொல்லப்பட்டனர். ஒரே அணிவகுப்பில் சென்றவர்கள். ஒரே வெடிப்பில் மாண்டவர்கள். நடுவண் அரசின் தொகை பொதுவான விதிப்படி அமைந்தது. மாநிலங்களின் அறிவிப்புகளோ பலவாறாக இருந்தன. பஞ்சாப் 12 இலட்சம், தமிழ்நாடு 20 இலட்சம், உத்தரப் பிரதேசம் 25 இலட்சம், மத்தியப் பிரதேசம் 1 கோடி என அறிவித்தன. ஒருவர் எந்த மாநிலத்தில் பிறந்தார் என்பதே அவர்தம் பிள்ளைகளுக்குக் கிட்டும் தொகையை முடிவு செய்தது.

நம் மாநிலத்திற்குள்ளேயும் நிலை இதுவே. 2020 ஜனவரியில் களியக்காவிளை சோதனைச் சாவடியில் சுட்டுக் கொல்லப்பட்ட சிறப்பு உதவி ஆய்வாளர் வில்சனின் குடும்பத்திற்கு 1 கோடி ரூபாய் அறிவிக்கப்பட்டது. அதே ஆண்டு ஆகஸ்டில், தூத்துக்குடி மாவட்டத்தில் நாட்டு வெடிகுண்டுக்குப் பலியான காவலர் சுப்பிரமணியனின் குடும்பத்திற்கு 50 இலட்சம். 2021 நவம்பரில் ஆடு திருடர்களால் வெட்டிக் கொல்லப்பட்ட நவல்பட்டு சிறப்பு உதவி ஆய்வாளர் பூமிநாதனின் குடும்பத்திற்கு மீண்டும் 1 கோடி. எவருடைய ஆட்சியில் எவ்வளவு என்பது நம் வினா அன்று. எந்த அளவுகோலைக் கொண்டு இவை அளக்கப்பட்டன என்பதே நம் வினா.

நமக்கு அறிமுகமான ஒரு குடும்பத்தை இங்கு நினைவுகூர்கின்றோம். தலைமைக் காவலர் ஒருவர் இரவுப் பணியில் நெடுஞ்சாலையில் வாகனங்களை ஒழுங்குபடுத்திக் கொண்டிருந்தபோது, சரக்கு லாரி மோதி இறந்தார். மனைவி, வயது முதிர்ந்த தாய், பள்ளி செல்லும் இரு பிள்ளைகள். இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, முதல் தகவல் அறிக்கையின் நகல் எனக் காகிதங்களைச் சுமந்து அப்பெண் அலுவலகங்களின் படியேறிய நாள்கள் சிலவற்றில் நாமும் உடன் சென்றோம். இறுதியில் கிட்டிய தொகை, மேலே கண்ட தொகைகளின் அருகிலும் வரவில்லை. பேருந்து நிறுத்தத்தில் நின்றிருந்தபோது அவர் நம்மிடம் கேட்டார்: "வெட்டுப்பட்டுச் செத்தாத்தான் சாவாண்ணே? லாரி அடிச்சா அது சாவு இல்லையா?"

இவ்வினாவிற்கு நம்மிடம் மறுமொழி இல்லை. கொலையுண்டவரின் மரணம் செய்தித்தாளில் முதற்பக்கம் பெறுகின்றது, ஊர் கொதித்தெழுகின்றது, அக்கொதிப்பு ஆறுமுன் அறிவிப்பு வருகின்றது. லாரி மோதி இறந்தவரின் மரணமோ உள்பக்கத்தில் நான்கு வரியோடு முடிந்துவிடுகின்றது. செய்தியின் பரபரப்பு உதவியின் அளவாகிவிடலாமா?

உயிருக்கு விலை இல்லை என்கின்றோம், உண்மை. விலை இல்லாத ஒன்றிற்குக் கூடுதல் விலை, குறைந்த விலை என்பது எங்ஙனம் பொருந்தும்? அப்படியாயின் இத்தொகை உயிரின் விலை அன்று. எஞ்சியிருப்போரின் உணவு, உறைவிடம், கல்வி, மருத்துவம் ஆகியவற்றிற்கான பொறுப்பு. பொறுப்பை அளக்க வேண்டியது, இறந்தவர் எவ்வாறு இறந்தார் என்பதைக் கொண்டன்று; அவரை நம்பி வாழ்ந்தோர் எத்தனை பேர், அவர்களுக்குத் தேவை எவ்வளவு என்பதைக் கொண்டேயாகும்.

அரசின் வழக்கில் இதற்குக் கருணைத் தொகை என்று பெயர். வாரிசுக்குத் தரப்படும் வேலையும் கருணை அடிப்படையிலான நியமனம். கருணை உயர்ந்த சொல்லே. ஆயினும் கருணை கொடுப்பவரின் மனத்தைப் பொறுத்தது; கூடலாம், குறையலாம். கடன் அத்தகையதன்று. நாம் உறங்கும் வேளையில் சாலையில் நின்றவருக்கு நாடு பட்டிருப்பது கடனே. கடனைத் தீர்க்க அறிவிப்பு போதாது, விதி வேண்டும். கடமையின்போது நேர்ந்த மரணம் எதுவாயினும் குறையாத அடிப்படைத் தொகை, பிள்ளைகளின் படிப்பு முடியுமட்டும் துணை, முதிய பெற்றோருக்கும் ஒரு பங்கு என அவ்விதி அமையுமாயின், எந்தக் குடும்பமும் தன் துயரைப் பிறர் துயரோடு ஒப்பிட்டு நோகவேண்டியதில்லை.

அரசின் கடனைச் சொல்லும் நாம், நம் கடனையும் மறத்தலாகாது. அடக்கத்தன்று திரளாகக் கூடுகின்றோம். ஆறு திங்கள் கழித்து அவ்வாசற்படியை மிதிப்போர் எத்தனை பேர்? மனு எழுதத் தெரிந்தவர் எழுதித் தரலாம். அலுவலகத்திற்கு உடன் செல்லலாம். பிள்ளைக்கு மாலையில் பாடம் சொல்லித் தரலாம். இவற்றிற்கு ஆணை எதுவும் வேண்டுவதில்லை.