மாப்பிள்ளையை விசாரிச்சாச்சு... பந்தல்காரரை?

என் தங்கைக்கு ஓசூர் மாப்பிள்ளை. சிப்காட்டில் வேலை. அவரைப் பற்றி எங்கள் வீட்டார் விசாரித்த விசாரணை இருக்கிறதே, சி.பி.ஐ. பிச்சை வாங்க வேண்டும்! கம்பெனியில் விசாரித்தோம், தெருவில் விசாரித்தோம், அவர் இட்லி சாப்பிடுகிற கடையில்கூட விசாரித்தோம். (பாக்கி இல்லை என்றார்கள். உடனே தாம்பூலம் மாற்றிக்கொண்டோம்.)

ஆனால், கல்யாண ஏற்பாட்டை மட்டும் பத்தே நிமிஷத்தில் ஒருவரிடம் ஒப்படைத்துவிட்டேன். ஈவென்ட் பிளானராம். வயது இருபத்தைந்து இருக்கும். பூ, பந்தல், சாப்பாடு, ஜெனரேட்டர், வாணவேடிக்கை என்று எல்லாமே ஒரே பேக்கேஜ்.

"எல்லாம் நம்ம ஆளுங்க சார். நீங்க வந்து உட்கார்ந்தா போதும்!"

செல்போனில் படங்களைத் தள்ளித் தள்ளிக் காட்டினார். வாணவேடிக்கைப் படத்தில் நான் விழுந்தேன். சென்னையிலிருந்து ஆபீஸ் நண்பர்கள் பதினைந்து பேர் வரப் போகிறார்கள். அசத்த வேண்டாமா?

ஓசூரிலேயே இருக்கும் மாமாவிடம் (அத்தையின் கணவர்) போனில் பெருமையடித்தேன். மறுமுனையில் கொஞ்ச நேரம் மௌனம்.

"நம்ம ஆளுங்கன்னா யாரு? பேரு, ஊரு கேட்டியா?"

"இல்லே மாமா..."

"சனிக்கிழமை கிளம்பி வா."

மாமா ஒரு தொழிற்சாலையில் முப்பது வருஷம் இன்ஸ்பெக்டராக இருந்து ரிடையர் ஆனவர். பயப்படாதீர்கள், போலீஸ் இல்லை. வெளிப் பட்டறைகளிலிருந்து வரும் உதிரி பாகங்களைச் சோதித்துப் பார்க்கிற இன்ஸ்பெக்டர்.

காலையில் என்னை நேராகச் சந்திரசூடேஸ்வரர் மலைக்குத்தான் அழைத்துப் போனார். சாமி கும்பிட்டதும் கீழே கை காட்டினார். அசோக் லேலண்ட் லாரி, டி.வி.எஸ். பைக், டைட்டன் வாட்ச் எல்லாம் பிறக்கிற ஊர். அவற்றைச் சுற்றிக் குஞ்சும் குளுவானுமாகப் பட்டறைகள்.

"ஒரு போல்ட் வாங்கறதுக்கு முன்னாடி பெரிய கம்பெனிக்காரன் அந்தப் பட்டறைக்கே போய்ப் பார்ப்பான். மெஷின் எப்படி, ராத்திரி ஷிப்ட்ல யாரு, எல்லாம் பார்ப்பான். நீ ஆயிரம் பேர் சாப்பிடற கல்யாணத்தைப் படம் பார்த்துக் குடுத்திருக்கே!"

சப்ளையர் விலாசம் கேட்டதும் பிளானர் நெளிந்தார். "எங்களை விட்டுட்டு நேரா அவங்ககிட்டயே போயிடுவீங்க சார்!" நியாயமான பயம்தான். "ரேட் பேசமாட்டேன். இடத்தை மட்டும் பார்ப்பேன்" என்று மாமா வாக்குக் கொடுத்த பிறகு லிஸ்ட் வந்தது.

முதலில் பாகலூர் சாலையில் பூ அலங்காரக்காரர். வழியெல்லாம் பிளாஸ்டிக் கூரை போட்ட ரோஜாத் தோட்டங்கள். ஓசூரின் இதமான குளிர் ரோஜாவுக்கு ரொம்பப் பிடிக்கும். பிப்ரவரி 14 நெருங்கினால் இங்கிருந்து விமானம் ஏறி வெளிநாட்டுக் காதலர்களைப் பார்க்கப் போய்விடும்.

"சொந்தத் தோட்டம்னு பிளானர் சொன்னாரே?" என்றார் மாமா.

பூக்காரர் சிரித்துவிட்டார். "தோட்டமெல்லாம் இல்லீங்க. மார்க்கெட்ல வாங்கறதுதான். பெரிய முகூர்த்தம்னா விலை எகிறும், அதை முன்னாடியே சொல்லிடறேன்."

வெளியே வந்ததும் மாமா லிஸ்டில் டிக் அடித்தார். எனக்குப் புரியவில்லை.

"இல்லாததை இல்லேன்னு சொல்றான் பாரு, அவனை நம்பலாம்."

அடுத்து கிருஷ்ணகிரி. நெடுஞ்சாலையில் ஐம்பது கிலோமீட்டர். பஸ்ஸில் பக்கத்து சீட்காரர் தமிழில் ஆரம்பித்து, தெலுங்கில் வளர்த்து, கன்னடத்தில் முடித்தார். கண்டக்டர் ஒரு பெங்களூர் ஆசாமியை "பன்னி சார், பன்னி" என்று வரவேற்றபோது நான் துணுக்குற்றேன். கன்னடத்தில் 'வாங்க' என்று அர்த்தமாம். பிழைத்தார்!

சமையல் கான்ட்ராக்டர் முன் அறையில் உட்காரவைத்து மைசூர்பாகு கொடுத்தார். மாமா தொடவில்லை. "பின்பக்கம் பார்க்கலாமா?" என்று கேட்டார். உணவு உரிமத்தின் 14 இலக்க எண்ணைக் குறித்துக்கொண்டு, இணையத்தில் சரிபார்க்கும் வேலையை எனக்குக் கொடுத்தார். தண்ணீர்த் தொட்டி, பாத்திரம் கழுவும் இடம், சமையல்காரர்களின் விரல் நகம் எல்லாவற்றையும் பார்த்தார். எல்லாம் சுத்தம். ஒரு மூலையில் மட்டும் இரண்டு சிவப்பு சிலிண்டர்கள் நின்றன.

"இது வீட்டு உபயோகத்துக்கான 14.2 கிலோ. நீங்க 19 கிலோ வியாபார சிலிண்டர்தானே வைக்கணும்?" கேட்டுக்கொண்டே கழுத்துத் தகட்டையும் படித்தார். அதில் ஏ, பி, சி, டி என்று ஓர் எழுத்தும் ஒரு வருஷமும் இருக்கும். ஏ என்றால் ஜனவரி முதல் மார்ச் வரை, டி என்றால் அக்டோபர் முதல் டிசம்பர் வரை. அந்தக் கெடுவுக்குள் சிலிண்டரை மறுசோதனைக்கு அனுப்ப வேண்டும். இத்தனை வருஷமாக அதைச் சிலிண்டரின் இனிஷியல் என்றே நினைத்திருந்தேன்.

கான்ட்ராக்டர் தலையைச் சொறிந்தார். மாற்றிவிடுவதாக எழுதிக் கொடுத்தார். பிறகுதான் மாமா மைசூர்பாகை எடுத்தார்.

மிச்சம் ஜெனரேட்டரும் வாணவேடிக்கையும். இரண்டும் ஒரே பார்ட்டி. விலாசம் ஓசூர் என்று இருந்தது. பில்லில் ஜி.எஸ்.டி. எண் 29 என்று ஆரம்பித்தது.

"முதல் ரெண்டு இலக்கம் மாநிலம். தமிழ்நாடு 33, கர்நாடகம் 29. ஆள் இங்கே இல்லை. வா!"

திரும்பவும் ஓசூர், ஜூஜூவாடி, எல்லை தாண்டி அத்திப்பள்ளி. பிளானருக்குப் போன் போட்டு வழி கேட்டு, சந்துக்குள் ஒரு தகரக் கொட்டகையைப் பிடித்தோம். முதலாளி இல்லை. உள்ளே ஒரு பக்கம் ஜெனரேட்டர், அதை ஒட்டி டீசல் கேன். இன்னொரு பக்கம் கூரை வரை பட்டாசுப் பெட்டிகள். ஒரே வாசல். அந்தப் பெட்டிகள் மேல் இரண்டு பையன்கள் தூங்கிக்கொண்டிருந்தார்கள்.

ஒருவன் எழுந்து வந்தான். தர்மபுரிப் பக்கமாம். "தீபாவளி வரைக்கும்தான் சார். அப்புறம் காலேஜ். உட்காருங்க சார், டீ சொல்லட்டுமா?"

மாமா பதில் சொல்லாமல் வெளியே வந்துவிட்டார். ரோட்டோரம் நின்று மெதுவாகப் பேசினார்.

"2023-ல இதே அத்திப்பள்ளி. அக்டோபர் ஏழாம் தேதி. தீபாவளிச் சரக்கை லாரியிலேருந்து இறக்கும்போது தீ பிடிச்சுது. பதினாலு பேருக்கு மேல போயிட்டாங்க. நிறையப் பேர் இவனை மாதிரி சீசன் வேலைக்கு வந்த நம்ம ஊர்ப் பசங்க. அதுக்கு ரெண்டு மாசம் முந்தி ஜூலையில கிருஷ்ணகிரி பழையபேட்டையில வெடிச்சுது. பக்கத்துல இருந்த ஹோட்டலும் இடிஞ்சுது. அங்கே ஒன்பது பேர்."

அத்திப்பள்ளி விபத்துக்குப் பிறகு, கல்யாணங்களிலும் ஊர்வலங்களிலும் பட்டாசு கூடாது என்று கர்நாடக அரசு அறிவித்தது. பட்டாசு உரிமத்தில் எத்தனை கிலோ வைக்கலாம் என்று எழுதியே இருக்கும். உரிமத்தைப் பார்த்தால் மட்டும் போதாது, கொட்டகையையும் பார்க்க வேண்டும் என்றார் மாமா.

எனக்குத் தொண்டை அடைத்தது. என் நண்பர்கள் 'ஆஹா' என்று வாய் பிளக்கும் அந்த ஐந்து நிமிஷத்துக்காக, ஒரு பையன் வெடி மேல் படுத்துத் தூங்குகிறான். படத்தில் அவன் இல்லை. வானம் மட்டும்தான் இருந்தது.

அங்கேயே பிளானரைக் கூப்பிட்டு வாணவேடிக்கையை ரத்து செய்தேன். ஜெனரேட்டருக்கு வேறு ஆள் பார்க்கச் சொன்னேன். கொட்டகையைப் பற்றி மாமா அத்திப்பள்ளி போலீஸ் ஸ்டேஷனில் எழுதிக் கொடுத்தார். பிளானர் பாவம், அரண்டுபோனார். "நான் அங்கே போனதே இல்லை சார், போன்லயே முடிச்சுடுவேன்" என்றார். திட்டத் தோன்றவில்லை. நானும் அவரைப் பத்து நிமிஷத்தில் முடித்தவன்தானே!

கார்த்திகையில் கல்யாணம் நடந்தது. சாப்பாடு பிரமாதம், ரோஜா வாசனை தூக்கியது. "வெடி எங்கேப்பா?" என்று ஆபீஸ் நண்பன் ஒருவன் கேட்டான். "இன்னொரு ஜிலேபி சாப்பிடு" என்றேன்.

அன்று அத்திப்பள்ளியிலிருந்து திரும்பும்போது ஓசூரில் ஷிப்ட் முடிந்து கம்பெனி பஸ்கள் வரிசையாக வந்துகொண்டிருந்தன. மாமா ஒரு பழைய கதை சொன்னார்.

"எனக்குப் பொண்ணு குடுக்கறதுக்கு முன்னாடி உங்க தாத்தா பாக்டரி கேட்ல ஒரு நாள் பூரா நின்னாரு. நான் யாரோட வெளியே வரேன், எங்கே போறேன்னு பார்த்துட்டுத்தான் சரின்னாரு."

"அப்ப பாஸாயிட்டீங்க!"

"உங்க தாத்தாகிட்ட பாஸ். உங்க அத்தை இன்னும் ரிசல்ட் சொல்லலே!"