புளூட்டோவில் ஒழுகும் ஆறு

வெண்பனியைக் கண்டறியாத ஊர் எங்கள் ஊர். பாறசாலைக்கும் நெய்யாற்றின்கரைக்கும் இடையே உள்ள ஒரு சிற்றூர். நெய்யாறு பிறக்கும் அகத்தியர் மலை 1,868 மீட்டர் உயரமுடையதுதான். எனினும் அங்கும் மழையும் மூடுபனியும் உண்டேயன்றி வெண்பனி பெய்வதில்லை. சிறுவயதில் நான் கண்ட பனிக்கட்டியெல்லாம் பொழியூர்க் கடற்கரையிலிருந்து மீன் பெட்டியோடு வந்த ஐஸ்தான். அதில் செதில் ஒட்டியிருக்கும். எடுத்து வாயில் போட்டால் அம்மச்சி அதட்டுவாள். இந்தச் சிறு முதலை வைத்துக்கொண்டு வேற்றுலகப் பனியாறு ஒன்றையே நான் கற்பனை செய்தேன் என்றால், நண்பர்களே, தயவு செய்து சிரிக்காதீர்கள்!

அது 2015-ஆம் ஆண்டு. நான் ஆறாம் வகுப்பில் இருந்தேன். 'நியூ ஹொரைசன்ஸ்' என்னும் ஆளில்லாத விண்கலம் புளூட்டோவை நெருங்கிக்கொண்டிருந்தது. "அங்கே என்ன இருக்குமென்று வரைந்து வாருங்கள்" என்றார் ஆசிரியர். நான் ஒரு மலை வரைந்தேன். மலையிடுக்கு வழியே ஐஸ் இறங்கி வந்து பரந்த வெளியொன்றில் சேர்வதாக வரைந்தேன். நெய்யாறு பூவாறில் கடலோடு கலப்பதைக் கண்ட கண்ணல்லவா! படகில்லாமல் ஓர் ஆறு முடிவதை என்னால் நினைக்க முடியவில்லை. ஆகவே உறைந்துபோன படகு ஒன்றையும் ஓரத்தில் நிறுத்தினேன்.

"இது பனியாறு" என்று பக்கத்து நண்பனிடம் காட்டினேன். அவன் விழுந்து விழுந்து சிரித்தான். மலையாளத்தில் 'பனி' என்றால் காய்ச்சல். "இதில் குளித்தால் எத்தனை நாள் படுக்க வேண்டும்?" என்று கேட்டான். பள்ளியில் அதற்குச் சொல் 'ஹிமானி'. வீட்டிலோ தமிழ். எல்லையில் வளர்ந்தவர்களுக்கு இது நாள்தோறும் நிகழும் கூத்து. நாங்கள் குடிப்பது 'வெள்ளம்'. அதே சொல்லை மதுரைப் பக்கம் சொன்னால் மூட்டை முடிச்சைத் தூக்கிக்கொண்டு மேட்டுக்கு ஓடுவார்கள்.

இந்தக் கூத்துக்கு ஒரு தேதி உண்டு. 1956 நவம்பர் 1 அன்று தோவாளை, அகத்தீசுவரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு தாலுகாக்களும் சென்னை மாநிலத்தோடு இணைந்தன. தமிழர் கேட்ட நெய்யாற்றின்கரை கேரளத்தில் நின்றது. அம்மச்சி பிறந்த வீடு விளவங்கோட்டில். வாழ்க்கைப்பட்டு வந்த வீடு இப்பால். களியக்காவிளைக்கு இந்தப்புறமும் அந்தப்புறமும் அவள் பேச்சு மாறியதில்லை. புளூட்டோவின் கதையும் இது போன்றதே! 2006 ஜனவரியில் விண்கலம் புறப்பட்டபோது அது கோள். அதே ஆண்டு ஆகஸ்டில் 'குறுங்கோள்' என்று வகை மாற்றிவிட்டார்கள். போய்ச்சேருமுன் தாலுகா மாறிவிட்டது.

ஜூலை 14 அன்று விண்கலம் புளூட்டோவுக்கு ஏறத்தாழ 12,500 கிலோமீட்டர் தொலைவில் கடந்து சென்றது. அது அனுப்பிய செய்தி ஒளியின் வேகத்தில் வந்தும் நம்மை அடைய நாலரை மணி நேரம் ஆயிற்று. படங்கள் ஒவ்வொன்றாக வந்தன. அவற்றில் பனியாறு இருந்தது! படகு மட்டும் இல்லை.

ஆனால் அது என் மீன்பெட்டி ஐஸ் அன்று. அங்கே குளிர் பூச்சியத்திற்குக் கீழே ஏறத்தாழ 235 டிகிரி. அந்தக் குளிரில் தண்ணீர் ஐஸ் கருங்கல்லைப் போல் இறுகிவிடுகிறது. மலைகளே அதனால் ஆனவை. அவற்றுள் ஒரு தொடருக்கு டென்சிங்கின் பெயரை 2017-இல் முறைப்படி சூட்டினார்கள். ஆறு கிலோமீட்டர் உயரம். அந்த மலைகளின் அருகே 'ஸ்புட்னிக்' சமவெளி ஏறத்தாழ ஆயிரம் கிலோமீட்டர் அகலத்துக்குப் பரந்து கிடக்கிறது. அதை நிரப்பியிருப்பது பெரும்பாலும் நைட்ரஜன். நாம் இழுக்கும் மூச்சில் ஐந்தில் நாலு பங்குக்குச் சற்றுக் குறைவாக இருக்கிறதே, அதே வாயுதான்! அங்கே அது கட்டியாக உறைந்தும், மென்மையாக இருப்பதால் மெல்ல மெல்ல நகர்கிறது. சூரிய வெப்பம் பட்டு ஆவியாகிறது; மேட்டு நிலத்தில் மறுபடி படிகிறது; பள்ளத்தாக்குகள் வழியே மீண்டும் சமவெளிக்கு இறங்குகிறது. சமவெளிக்குள்ளும் ஓய்வில்லை. அடியில் சிறிது சூடேறிய நைட்ரஜன் மேலே எழுவதும், குளிர்ந்தது கீழே அமிழ்வதுமாக, கஞ்சி கொதிப்பது போன்ற ஒரு சுழற்சி நடக்கிறது. வேகம் மட்டும் நகம் வளரும் வேகம். சுமார் ஐந்து லட்சம் ஆண்டுகளில் மேற்பரப்பு முழுவதும் புதிதாகிவிடுகிறது என்று கணக்கிட்டிருக்கிறார்கள். அதனால்தான் அங்கே விண்கல் விழுந்த வடு ஒன்றுகூடக் காணப்படவில்லை. உடைந்த தண்ணீர் ஐஸ் பாறைகள் நைட்ரஜனைவிட எடை குறைந்தவை. குன்றளவான துண்டுகள் அதன்மேல் மிதந்து செல்கின்றன. படகுக்குப் பதில் குன்று! என் படம் அப்படியொன்றும் மோசமில்லை.

இதையெல்லாம் அம்மச்சிக்குச் சொல்லும் பொறுப்பு எனக்கு வந்தது. 'பனியாறு' என்றேன். மார்கழிப் பனி எப்படி ஆறாகும் என்று கேட்டாள். 'ஹிமானி' அவளிடம் செல்லவில்லை. பிறகு, காற்று குளிர்ந்து கட்டியாகி மலையிலிருந்து இறங்குகிறது என்றேன். சற்று யோசித்தாள்.

"அப்பம் காத்து கட்டியாயிட்டு ஒழுகுது. அப்படித்தானே மக்களே?"

அப்படித்தான்.

அந்தச் சொல்லையே சென்ற ஆண்டு நம் மன்றக் கூட்டத்தில் நான் பேசியபோது சொன்னேன்: "புளூட்டோவில் பனியாறு ஒழுகுகிறது." அவையில் சிரிப்பு எழுந்தது. "ஒழுகுவதற்கு அதென்ன கூரையா?" என்றார் ஒரு நண்பர். "மலையாளம் கலந்த தமிழ்" என்றார் இன்னொருவர். அவர்கள் பகையால் சொன்னார்களில்லை. ஆயினும் அன்றிரவு எனக்கு உறக்கம் வரவில்லை. பள்ளியில் என் சொல் காய்ச்சலாயிற்று. இங்கே ஓட்டைக் கூரையாயிற்று. எந்த அவையில்தான் அது நிற்கும்?

அகராதியைப் புரட்டிப் பார்த்தேன். 'ஒழுகு' என்பதற்கு நீர் பாய்தல் என்ற பொருள் தமிழில் பழையது. 'ஒழுக்கம்' பிறந்ததும் அதிலிருந்துதான். எங்கள் ஊரில் கூரை சோரும், ஆறு ஒழுகும். மற்ற இடங்களில் ஆறு ஓடத் தொடங்கிவிட்டது. ஒழுகும் வேலையைக் கூரைக்குத் தந்துவிட்டார்கள். நகம் வளரும் வேகத்தில் நகர்வதைப் பார்த்து 'ஓடுகிறது' என்று சொல்ல எனக்கு நா எழவில்லை. கங்கோத்திரிப் பனியாறு முப்பது கிலோமீட்டர் நீளம், அதுகூட ஓடுவதில்லை. இதற்குப் பொருந்திய சொல் விளவங்கோட்டு அம்மச்சியின் நாவில் இருக்கும்போது நான் ஏன் வேறிடத்தில் கடன் கேட்க வேண்டும்?

புளூட்டோவைப் பற்றி மன்றத்தில் மறுபடியும் பேச வேண்டுமென்று செயலாளர் கேட்டிருக்கிறார். இசைந்துவிட்டேன். இம்முறையும் ஒழுகத்தான் செய்யும்; கேட்க வருவோர் குடை கொண்டுவர வேண்டியதில்லை.