திருட்டுச் சரக்கு விலைபோகும் ஊர்

2011-ல் வெளிவந்த ‘ஸ்கைரிம்’ வீடியோ கேமில் ரிஃப்டன் என்றொரு ஊர். நடுவில் கால்வாய், இருபுறமும் மரவீடுகள். ஊர் வாசலிலேயே காவலர் ‘நுழைவு வரி’ கேட்பார். வரியாவது, மண்ணாவது... வழிப்பறிதான்! சாமர்த்தியமாகப் பேசினால் விட்டுவிடுவார்.

இந்த நாட்டில் அடுத்தவர் மேஜையிலிருந்து ஒரு ஆப்பிளை எடுத்தால்கூட ‘திருடியது’ என்ற முத்திரை விழுந்துவிடும். எத்தனை ஊர் தாண்டினாலும் சாதாரணக் கடைக்காரர் அதை வாங்க மாட்டார். காவலரிடம் பிடிபட்டால் அத்தனையும் பறிபோகும். ஆனால், திருடிய இரும்பை வாளாக அடித்துவிட்டால் முத்திரை மாயம்! நகையை உருக்கும் தந்திரம் எல்லா உலகத்திலும் ஒன்றுதான் போல.

உருக்க முடியாததை விற்க, ரிஃப்டனின் அடியில் இறங்க வேண்டும். இருட்டுச் சுரங்கங்களைத் தாண்டினால் ‘ராகெட் ஃபிளாகன்’ மதுக்கடை. அங்கே டோனிலியா என்ற பெண் இருப்பாள். திருடர் சங்கத்தில் சேர்ந்தால்தான் உங்கள் சரக்கைத் தொடுவாள். ஆரம்பத்தில் அவள் கையிருப்பு 1,000 பொற்காசு. தீர்ந்தால் இரண்டு நாள் காத்திருக்க வேண்டியதுதான்.

சங்கத்தில் சேருமுன் ஒரு பரீட்சை உண்டு. சந்தையில் நகை வியாபாரியின் மோதிரத்தைத் திருடி, இன்னொரு கடைக்காரரான பிராண்ட்-ஷேயின் பையில் போட வேண்டும். தன் குடும்பம் எதுவென்றே தெரியாமல் வளர்ந்த மனிதர் அவர். செய்யாத திருட்டுக்குச் சிறை போவார். இத்தனைக்கும், இந்த வேலையைச் சொதப்பினாலும் சங்கத்தில் சேர்த்துக்கொள்கிறார்கள்!